ஹார்கெட் துரைக்கு நான் சொன்னது

உக்காருங்கம்மா. அந்த நாற்காலி வேண்டாம், ஒரு கால் ஆடுது. இதுல உக்காருங்க. காபிக்குச் சொல்லியிருக்கேன், வரும்.

ஹார்கெட் துரையைப் பத்திப் புத்தகம் எழுதறீங்க. நல்ல காரியம். போன வருஷம் அவர் லண்டன்ல இறந்துபோனப்ப இங்கிலீஷ் பேப்பர்ல நாலே வரி போட்டிருந்தான். டெஸ்மண்ட் ஹார்கெட், வயசு எழுபத்தேழு, உதவி டைரக்டரா இருந்து டைரக்டர் ஆனவர், நாலு படம் எடுத்தார். அவ்வளவுதான். அவரைப் பத்திக் கேக்கறதுக்குன்னு மெட்ராஸ்லேருந்து சேலத்துக்கு பஸ் ஏறி வந்த ஒரே ஆள் நீங்கதான்.

முதல்ல ஒண்ணு எழுதிக்குங்க. 1957ல ஒகேனக்கல்ல அந்த இங்கிலீஷ் படம் எடுத்தப்ப துரைமாருக்கும் நம்ம ஜனங்களுக்கும் நடுவுல பேசினவன் நான். தெய்வசிகாமணி, பி.ஏ. முப்பத்தெட்டு நாள் கூடவே நின்னேன். படத்தோட டைட்டில்ல குதிரை பழக்கினவன் பேர் இருக்கு, தலை சீவிவிட்டவ பேர் இருக்கு. என் பேர் இல்ல. எனக்கு அது ஒரு வருத்தம்தான். நீங்களாவது போடுங்க.

நீங்க கேக்க வந்தது எனக்குத் தெரியுது. போன்லயே கேட்டீங்க. அன்னிக்குப் பரிசல்காரன் என்ன சொன்னான், நான் துரைகிட்ட என்ன சொன்னேன். அதுக்கு வரேன். வரிசையா சொன்னாத்தான் எனக்கு வரும்.

அப்ப நான் பென்னாகரத்துல இங்கிலீஷ் வாத்தியார். இருபத்தேழு வயசு. இங்கிலீஷ் நல்லா பேசற ஒருத்தர் வேணும்னு கலெக்டர் ஆபீஸ்லேருந்து ஆள் வந்தப்ப ஹெட்மாஸ்டர் யோசிக்கவே இல்ல, என்னைத்தான் கை காட்டினார். அந்த வட்டாரத்துல என்னை விட்டா யாரு? ஒகேனக்கல்ல கூடாரம் கூடாரமா அடிச்சிருந்தாங்க. நாப்பது வெள்ளைக்காரங்க. அதுல பெரிய டைரக்டர் ஒருத்தர். அவர் பேர் இப்ப வேண்டாம், அவர் யார்கிட்டயும் பேசமாட்டார், குடை நிழல்ல உக்காந்திருப்பார். பேசறதெல்லாம் ஹார்கெட் துரைதான்.

ஹார்கெட் துரைக்கு அப்ப முப்பத்தோரு வயசு. ஃபர்ஸ்ட் அசிஸ்டென்ட். எனக்கு அது என்ன வேலைன்னு புரியல. ஒருநாள் கேட்டேன். "மிஸ்டர் மணி, டைரக்டர் படத்தைப் பாத்துக்குவார். மத்த எல்லாத்தையும் நான் பாத்துக்கணும்"னார். என்னை மணின்னுதான் கூப்பிடுவார், தெய்வசிகாமணி அவர் வாயில நுழையாது. காலையில யார் எப்ப வரணும், யார் எங்க நிக்கணும், சாப்பாடு வந்ததா, யாருக்குக் காய்ச்சல், எந்தப் பாறை வழுக்கும், எல்லாம் அவர் தலையில. எல்லாம் சரியா இருந்தாத்தான் கொடியைக் கீழ இறக்குவார். அவர் கொடி இறங்கினாத்தான் கேமரா முன்னால எதுவும் அசையும். அருவிச் சத்தத்துல குரல் கேக்காது பாருங்க, அதனால கொடி.

அவர் அப்பா கசாப்புக் கடை வெச்சிருந்தவராம். பதினாறு வயசுல ஸ்டூடியோவுல டீ தூக்கற வேலையில சேந்து, சண்டைக்குப் போய் பர்மாவுல கிடந்து, திரும்பி வந்து மூணாவது அசிஸ்டென்ட், ரெண்டாவது அசிஸ்டென்ட், அப்புறம் முதல் அசிஸ்டென்ட். "அடுத்தது என்ன சார்"னு கேட்டா வானத்தைப் பாப்பார். டைரக்டர் ஆகணும். அதுதான் ஆசை.

முதல் நாளே என்கிட்ட ஒண்ணு சொன்னார். "அவங்க என்ன சொல்றாங்களோ அதை அப்படியே சொல்லுங்க. கூட்டவும் வேண்டாம், குறைக்கவும் வேண்டாம். எனக்கு அந்த வார்த்தைதான் வேணும்." நானும் சரின்னேன். ஆனா பாருங்க, நம்ம ஜனங்க பேசறதை அப்படியே இங்கிலீஷ்ல சொன்னா நல்லாவா இருக்கும்? "சோறு வெந்துச்சா"ன்னு ஒருத்தன் கேட்டா நான் அதை ஒரு அழகோட சொல்லணும்ல. நான் ஷேக்ஸ்பியர் படிச்சவன். துரையும் சில சமயம் புருவத்தைத் தூக்கி "ரொம்ப அழகா சொன்னீங்க மணி"ம்பார். அது கிண்டலா பாராட்டான்னு எனக்குத் தெரியாது. பாராட்டுதான்.

பரிசல்காரன் பேர் பெரியண்ணன். முப்பத்தஞ்சு வயசு இருக்கும், ஒல்லியான ஆளு, பேச்சு கம்மி. அந்தத் தண்ணியில எந்தச் சுழி எங்க இருக்குன்னு அவனுக்கு மனப்பாடம். சம்சாரம் மாதம்மா. மீன் வறுத்து விக்கிறவ. புருசன் பரிசல் எறக்கற நாளெல்லாம் கரையில வந்து நிப்பா. துரைக்குப் பெரியண்ணன் மேல தனி மரியாதை. ரெண்டு பேருக்கும் பேச்சே இல்ல, பீடி மட்டும் மாத்திக்குவாங்க.

ஜூன் மாசத்துக்குள்ள எல்லாம் முடிஞ்சிருக்கணும். கதாநாயகிக்குக் காய்ச்சல் வந்து எட்டு நாள் படுத்துட்டா. அதுல தள்ளிப்போய் ஆடி பொறக்க ரெண்டு நாள்ங்கறப்ப கடைசி ஷாட் பாக்கி. கதாநாயகனும் கதாநாயகியும் பரிசல்ல தப்பிச்சுப் போறாங்க. தூரத்து ஷாட். அதனால நெஜ ஆளுங்க வேண்டாம்னு வைக்கோல்ல ரெண்டு பொம்மை செஞ்சு, ஒண்ணுக்குக் கோட்டும் தொப்பியும், இன்னொண்ணுக்கு மஞ்சள் கவுன். பாத்தா ரெண்டு பேர் உக்காந்திருக்கற மாதிரியே இருக்கும். பரிசல் ஓட்டறது பெரியண்ணன்.

பெரிய டைரக்டருக்கு அன்னிக்குக் கோபம். வெளிச்சம் போகுது, வெளிச்சம் போகுதுன்னு முணுமுணுக்கறார். பத்து நாளா ஹார்கெட் துரை முகத்துல சிரிப்பே இல்ல. பெரியண்ணன் பாறை மேல ஏறி எங்ககிட்ட வந்தான். மாதம்மா நாலடி பின்னால.

"வாத்தியாரய்யா, தண்ணி செவந்து வருது"ன்னான். மேல என்னமோ சொன்னான். அருவி இரைச்சல். உங்களுக்கே தெரியும், அங்க பக்கத்துல நின்னு கத்தினாலும் பாதிதான் கேக்கும்.

"என்ன சொல்றார், மணி?"

நான் சொன்னேன், "தி ரிவர் இஸ் ப்ளஷிங், சார்." ப்ளஷிங்னா, வெக்கத்துல முகம் செவக்கறது. தண்ணி செவந்து வருதுன்னுதானே அவன் சொன்னான்? செவக்கறதுக்கு அதைவிட நல்ல வார்த்தை இங்கிலீஷ்ல இல்லம்மா. நீங்க அகராதியில பாத்துக்கலாம். நான் தப்பா சொல்லல.

துரை சிரிச்சார். பத்து நாளைக்கப்புறம் முதல் சிரிப்பு. வாய்விட்டுச் சிரிச்சார். என் தோள்ல தட்டினார். எனக்கு எவ்வளவு சந்தோஷமா இருந்துச்சுன்னு உங்களுக்குச் சொல்லவே முடியாது. அப்புறம் முகத்தை நேராக்கிக்கிட்டு, "அவருக்குப் போறதுக்குச் சம்மதம்தானே? அதைக் கேளுங்க"ன்னார். கேட்டேன். கேட்டேன்னுதான் நினைக்கிறேன். "எஸ் சார், ஹி இஸ் ஹாப்பி"ன்னேன். பெரியண்ணன்கிட்ட திரும்பி, "துரை எறக்கச் சொல்றாரு"ன்னேன்.

அவன் என்னைப் பாத்தான். அப்புறம் துரையைப் பாத்தான். துரை சிரிச்ச முகத்தோட அவனுக்குத் தலையாட்டினார். அவன் துடுப்பை எடுத்துக்கிட்டு எறங்கிப் போயிட்டான்.

கொடி இறங்கிச்சு. பரிசல் முதல் வளைவு வரைக்கும் நல்லாத்தான் போச்சு. அழகா போச்சு. அப்புறம் மேலேருந்து தண்ணி வந்துச்சு. அலைன்னு சொல்ல முடியாது, ஆறே ஒரு சாண் உசந்து நகந்த மாதிரி. செக்கச்செவேல்னு. பரிசல் ரெண்டு தடவை சுத்திச்சு. அப்புறம் கவுந்த பரிசல்தான் தெரிஞ்சுது.

கீழ மடுவுல நாலஞ்சு பேர் குதிச்சாங்க. மஞ்சள் கவுன் தெரிஞ்சுதா, அதைப் போய் இழுத்தாங்க. அப்புறம் கோட்டு. உசுரைக் குடுத்து ரெண்டையும் கரைக்குக் கொண்டுவந்து போட்டாங்க. வைக்கோல். மாதம்மா அதுங்க ரெண்டையும் பாத்துக்கிட்டு நின்னா. பெரியண்ணன் மூணு நாள் கழிச்சுக் கிடைச்சான், எட்டு மைல் கீழ.

காபி ஆறுது பாருங்க. குடிங்க.

சப் கலெக்டர் விசாரணை வெச்சார். துரை எழுந்து நின்னு சொன்னதை நான் மறக்கல. "படகுக்காரர் எச்சரிச்சார். மிஸ்டர் மணி அதை என்கிட்ட சொன்னார். செவப்புன்னா என்ன அர்த்தம்னு நான் கேட்டிருக்கணும். கேக்காம சிரிச்சேன். கொடியை இறக்கினது நான். வேற யார் மேலயும் தப்பு இல்ல." சப் கலெக்டர் என்னைப் பாத்து, "நீங்க சொன்னீங்களா"ன்னார். "சொன்னேன் சார்"னேன். சொன்னேன்ல? அவ்வளவுதான் அவர் கேட்டார். எழுதிக்கிட்டார்.

கம்பெனிக்காரங்க ஹார்கெட் துரையை அந்த வாரமே ஊருக்கு அனுப்பிட்டாங்க. போறதுக்கு முன்னாடி மாதம்மா குடிசைக்குப் போனார். நானும் கூடப் போனேன். வெயில்ல தொப்பியைக் கையில வெச்சுக்கிட்டு ஒரு மணி நேரம் நின்னார். அவ வெளிய வரல.

படம் வந்துச்சு. அந்த ஷாட்டையும் விடல பெரிய டைரக்டர். முதல் வளைவு வரைக்கும் போட்டிருக்கார். எட்டு செகண்ட். பரிசல்ல பெரியண்ணன் துடுப்புப் போடறது தெரியும். நான் பெங்களூர்ல பாத்தேன். ஜனங்க ஐஸ்கிரீம் சாப்பிட்டுக்கிட்டே பாத்தாங்க.

அடுத்த வருஷம் நான் மாத்தல் கேட்டு சேலம் வந்துட்டேன். பென்னாகரம் வெயில் எனக்கு ஒத்துக்கல. இங்க வந்ததும் இங்கிலீஷை விட்டுட்டு சரித்திரம் எடுத்தேன். ஏன்னு கேப்பீங்க. தொண்டை. இங்கிலீஷ் பாடம்னா சத்தமா வாசிக்கணும், தொண்டை கட்டிக்கும். பத்தாவது பாடத்துல ஒரு பாட்டு இருந்துச்சு, அதுல துரையைச் சிரிக்க வெச்ச அந்த வார்த்தை வரும். ஒரு பையன் எழுந்து அர்த்தம் கேட்டான். பரீட்சைக்கு வராது, விடுன்னேன். அன்னிக்கு சாயங்காலமே ஹெட்மாஸ்டருக்கு எழுதிக் குடுத்தேன், சரித்திரம் போதும்னு.

ஹார்கெட் துரை கதைக்கு வரேன். அவருக்கு நாலு வருஷம் யாரும் வேலை குடுக்கல. அப்புறம் ஒரு தயாரிப்பாளர் சின்னப் படம் ஒண்ணு குடுத்தார். டைரக்டர் ஆயிட்டார். எனக்கு எழுதினார், "மணி, நான் ஆசைப்பட்டது கிடைச்சுது"ன்னு. அந்த வரியில ஒரு சந்தோஷமும் இல்ல. வருஷா வருஷம் புது வருஷத்துக்கு எனக்கு ஒரு கடிதம் வந்துடும். குடும்பம் எப்படி, பள்ளிக்கூடம் எப்படி, என்ன படம் எடுக்கறேன், எல்லாம் இருக்கும். கடைசியில ஒரே கேள்வி. "அன்னிக்கு நடந்ததுல உங்களுக்கு வேற ஏதாவது ஞாபகம் வருதா?" இருபத்தோரு கடிதம், இருபத்தோரு தடவை அதே கேள்வி. நானும் பதில் எழுதுவேன். நல்ல இங்கிலீஷ்ல எழுதுவேன். புதுசா ஒண்ணும் ஞாபகம் வரல சார்னு.

அவரோட மூணாவது படம் பெங்களூர்ல ஓடிச்சு. சுரங்கம் வெட்டற ஆளுங்க கதை. லீவு போட்டுட்டுப் போய்ப் பாத்தேன். அவர் படம் எதுலயும் தண்ணி இருக்காதுன்னு கேள்விப்பட்டிருந்தேன், நெஜம்தான், மழைகூட இல்ல. அதுல ஒரு இடம் வரும். வெடி வைக்கப்போறாங்க. மேஸ்திரி ஒவ்வொருத்தனா பேர் சொல்லிக் கூப்பிட்டு, உனக்குச் சம்மதமா, உனக்குச் சம்மதமான்னு கேக்கறான். கேட்டுட்டு அவன் முகத்தைப் பாத்துக்கிட்டே நிக்கறான். பதினோரு பேர். அஞ்சு நிமிஷம். கொட்டகையில விசில் அடிச்சாங்க. எனக்கே பொறுமை இல்ல. எழுந்து வெளிய வந்து டீ குடிச்சுட்டுப் போனேன். திரும்பிப் போனப்பவும் கேட்டுக்கிட்டுதான் இருந்தான்.

அந்தப் படத்தை அங்க பெரிசா புகழ்ந்தாங்களாம். அதனால நாலாவது படம் பெரிசா குடுத்தாங்க. அதுல ஒருத்தன் கூரையிலேருந்து குதிக்கணும். குதிக்கறதுக்குன்னே பழகின ஆளு, கீழ மெத்தையெல்லாம் போட்டாச்சு. துரை மேல ஏறிப்போய் அவன்கிட்ட கேட்டார், சம்மதமான்னு. அவன் சரின்னான். கீழ வந்தார். கேமரா ஓடுது. துரை குதின்னு சொல்லவே இல்ல. மறுபடி மேல போனார். மறுபடி கேட்டார். அன்னிக்குப் பூரா ஏழு தடவை ஏறியிருக்கார். மறுநாளும் அப்படி. மூணாம் நாள் அந்த ஆளே, "ஐயா, நான் வேணாம்னு சொன்னா நீங்க நிம்மதியா இருப்பீங்கன்னா அப்படியே சொல்லிடறேன்"னானாம். துரை பாதிப் படிக்கட்டுல உக்காந்துட்டார். படத்தை வேற ஒருத்தர் முடிச்சார்.

இதையெல்லாம் அவரே எனக்கு எழுதினார். ஒளிக்கல. "அவன் சரின்னு சொல்றப்ப வேற ஒரு முகம் தெரியுது மணி. துடுப்பைக் கையில வெச்சுக்கிட்டு என்னைப் பாக்கற முகம். அந்த முகத்துல சம்மதம் இருந்துச்சா இல்லையா, அதை மட்டும் என்னால தெரிஞ்சுக்க முடியல." அந்தக் கடிதம் என்கிட்ட இருக்கு. வேணும்னா நகல் எடுத்துக்குங்க. அதுக்கப்புறம் அவர் படம் எடுக்கல. சினிமாவுக்கு உதவி டைரக்டராப் போற பசங்களுக்குப் பாடம் சொல்லிக் குடுத்தார்.

எனக்கும் அந்த முகம் தெரியும். சில நாள் வகுப்புல திரும்பி போர்டுல எழுதுவேன், முதுகுப் பக்கம் யாரோ அப்படிப் பாக்கற மாதிரி இருக்கும். திரும்பினா பசங்கதான். வாத்தியார் வேலையில இதெல்லாம் சகஜம்.

1979ல துரை நேரா வந்து நின்னார். இதோ, இந்த வாசல்ல. ஐம்பத்து மூணு வயசு, தலை பூரா வெள்ளை. "மணி, மாதம்மாவைப் பாக்கணும். நீங்க கூட வரணும்"னார். டாக்ஸி வெச்சுக்கிட்டுப் போனோம். வழியெல்லாம் நான்தான் பேசிக்கிட்டு வந்தேன், மேட்டூர் அணை, தொப்பூர் கணவாய்னு.

மாதம்மா அப்ப ஓட்டு வீட்டுல இருந்தா. மகன் பரிசல் ஓட்டப் போகல, லாரியில இருந்தான். எங்களைப் பாத்ததும் அவளுக்கு அடையாளம் தெரிஞ்சுபோச்சு. பாய் போட்டா. துரை தரையில சம்மணம் போட்டு உக்காந்தார். நான் நடுவுல.

துரை இங்கிலீஷ்ல கேட்டார். "அன்னிக்கு உங்க கணவர் என்ன சொன்னார்னு நீங்க கேட்டீங்களா?" நான் அதைத் தமிழ்ல சொன்னேன். சரியாத்தான் சொன்னேன்.

அவ என்னைப் பாக்கல. துரையைப் பாத்துச் சொன்னா. "நாலடி தள்ளித்தான நின்னேன். எல்லாம் கேட்டுச்சு. 'வாத்தியாரய்யா, தண்ணி செவந்து வருது, மேல மழை, இன்னிக்கு நான் பரிசல் எறக்க மாட்டேன், எறக்கினா உசுரு மிஞ்சாது, தொரைகிட்ட சொல்லு'ன்னு எம்புருசன் சொன்னான். இவுரு தொரைகிட்ட என்னமோ சொன்னாரு. தொரை சிரிச்சாரு. எறக்க மாட்டேன்னு சொன்னதுக்குச் சிரிக்கறானேன்னு எம்புருசனுக்கு ரோசம் வந்துடுச்சு. போயிட்டான். தொரை எதுக்குச் சிரிச்சாருன்னு கேளு வாத்தியாரே. இருவத்திரண்டு வருசமா அதுதான் எனக்குப் புரியல."

துரை என் பக்கம் திரும்பி, "என்ன சொல்றாங்க மணி?"ன்னார். ரொம்ப மெதுவா கேட்டார்.

நான் என்ன பண்ணுவேன் சொல்லுங்க. வயசான மனுஷன். ஆயிரக்கணக்கான மைல் தாண்டி வந்திருக்கார். அவருக்கு ஒரு ஆறுதலா இருக்கட்டும்னுதான் நினைச்சேன். அவருக்காகத்தான். "எல்லாம் விதிங்கறாங்க சார். உங்க மேல அவங்களுக்கு ஒரு வருத்தமும் இல்லையாம்"னேன்.

துரை கொஞ்ச நேரம் என்னையே பாத்துக்கிட்டிருந்தார். அப்புறம் மாதம்மா பக்கம் திரும்பி, தமிழ்ல, தமிழ்லம்மா, சொன்னார். "அம்மா, நீங்கள் சொன்னது எனக்கு விளங்கினது."

லண்டன்ல ஒரு யாழ்ப்பாணத்துக்காரர்கிட்ட மூணு வருஷம் படிச்சிருக்கார். விளங்கினதுங்கறார் பாருங்க, நம்ம பக்கம் யாரு அப்படிச் சொல்றாங்க? ளகரம் சுத்தமா வரல. நான்கூட, "சார், இங்க புரிஞ்சுதுன்னு சொல்லணும்"னு திருத்தினேன். ஆமாம், அந்த நேரத்துல திருத்தினேன். வாயில தானா வந்துடுச்சு. துரை "மிஸ்டர் மணி, கொஞ்ச நேரம் காருல உக்காருங்க"ன்னார்.

ஒரு மணி நேரத்துக்கு மேல ஆச்சு. என்ன பேசினாங்கன்னு எனக்குத் தெரியாது. காருக்குள்ள கேக்கல. ஒரு தடவை அவ அழற சத்தம் கேட்டுச்சு. ஒரு தடவை அவர் அழற மாதிரி இருந்துச்சு.

திரும்பி வரப்ப தருமபுரி தாண்டற வரைக்கும் நான் காத்திருந்தேன், அவர் திட்டுவார்னு. நானே ஆரம்பிச்சேன். "சார், அருவி இரைச்சல்ல..." கையைத் தூக்கி நிறுத்திட்டார். "மணி, அவர் கண்ணைப் பாத்து நானே கேட்டிருக்கணும். உங்ககிட்ட கேட்டேன். அது என் வேலை, உங்க தலையில வெச்சேன். அதுக்கு மன்னிச்சிடுங்க"ன்னார். என்கிட்ட மன்னிப்புக் கேட்டார்ம்மா. அதுக்கப்புறம், "இருபத்தோரு தடவை எழுதினேன். நீங்களா சொல்லுவீங்கன்னு நினைச்சேன்"னார். அவ்வளவுதான். வீட்டு வாசல்ல எறக்கி விட்டுட்டுப் போனார். அந்தப் புது வருஷத்துக்குக் கடிதம் வரல. அதுக்கப்புறம் வரவே இல்ல.

நான் எழுதினேன். பதினஞ்சு, பதினாறு கடிதம் எழுதியிருப்பேன். பதில் இல்ல. பெரியவங்க அப்படித்தான், வேலை ஆனதும் மறந்துடுவாங்கன்னு என் சம்சாரம் சொல்லுவா. அவளுக்கு ஒண்ணும் தெரியாது. நான் சொன்னதில்ல. இப்ப அவளும் இல்ல.

நாளைக்கு நீங்க மாதம்மாவைப் பாக்கப் போறதா சொன்னீங்க. போங்க. அவ சொல்லத்தான் போறா, அதுக்கு முன்னால நானே சொல்லிடறேன். போன வருஷம் பேப்பர்ல அந்த நாலு வரியைப் பாத்ததும் நான் பஸ் ஏறி அங்க போனேன். எழுபத்து மூணு வயசுல, மூட்டு வலியோட, மூணு பஸ் மாறி. துரை செத்துட்டார்னு அவளுக்கு யார் போய்ச் சொல்லுவா?

அவ வாசல்ல உக்காந்து புளி ஆய்ஞ்சுக்கிட்டிருந்தா. கண்ணு மங்கிடுச்சு, குரலை வெச்சுத்தான் கண்டுபுடிச்சா. "துரை இறந்துட்டார் மாதம்மா"ன்னேன்.

"தெரியும். அவரு மக கடுதாசி போட்டுது."

"மகளா? உனக்கா?"

"தொரையே போடுவாரு. வருசா வருசம் பொங்கலுக்கு. தமிழ்லதான். எம் பேத்தி படிச்சுக் காட்டும். சிரிப்பா சிரிக்கும், எழுத்தெல்லாம் தப்புத்தப்பா இருக்குன்னு."

இருபத்து மூணு வருஷம்மா. என்கிட்ட நிறுத்தின கடிதத்தை அவளுக்குப் போட்டிருக்கார். என்ன எழுதுவார்னு கேட்டேன். புளியைக் கீழ வெச்சா. "அது அவருக்கும் எனக்கும் பேச்சு. நடுவுல ஆளு வேணாம்"னா. கோபமா சொல்லல. சாதாரணமா சொன்னா.

நான் நின்னுக்கிட்டே இருந்தேன். அவ, "சாவு சேதி சொல்ல மட்டுமா இம்புட்டு தூரம் வந்தே? வேற என்னமோ சொல்ல வந்த மாதிரி இருக்குதே. சொல்லு வாத்தியாரே, நான் கேட்டுக்கிட்டுத்தான் இருக்கேன்"னா. அந்தக் கண்ணு தெரியாத முகத்தை என் பக்கமே திருப்பி வெச்சுக்கிட்டா. பக்கத்துல யாரும் இல்ல. இரைச்சல் எதுவும் இல்ல. பேத்தி கடைக்குப் போயிருந்தா.

முப்பது வருஷத்துக்கு மேல பாடம் சொன்ன வாத்தியார் வாயிதும்மா, வார்த்தைக்கு எனக்குப் பஞ்சம் இருந்ததே இல்ல. பஸ்ஸுல வரப்ப ஒவ்வொரு வார்த்தையா அடுக்கி வெச்சிருந்தேன். வாயைத் திறந்தேன்.

"ஒரு சொம்பு தண்ணி குடு மாதம்மா"ன்னேன்.

அவ சுவரைப் புடிச்சுக்கிட்டு எழுந்தா. தடவித் தடவி உள்ள போய், சொம்பு நிறையக் கொண்டுவந்து குடுத்தா. குடிச்சு முடிக்கற வரைக்கும் நின்னா. சொம்பைத் திருப்பி வாங்கிக்கிட்டா. நான் பஸ்ஸுக்கு வந்துட்டேன்.